பிள்ளைப்பாக்கம் சோலார் ஆலையும் டெல்டா போர்வெல்லும்

"சோலார் பேனல் விலை தரைமட்டத்துக்கு வந்துவிட்டது என்று பேப்பரில் போடுகிறார்கள். பம்புசெட்டுக்கு நாம் கட்டுகிற பங்கு மட்டும் ஏன் அப்படிக் குறையவில்லை?"

தஞ்சாவூர், திருவாரூர் பக்கம் சோலார் மோட்டார் பற்றி விசாரிக்க வருகிற விவசாயிகள் இப்போது கேட்கிற முதல் கேள்வி இதுதான். மானியம் எவ்வளவு என்பதெல்லாம் அதற்கு அப்புறம். கேள்வி நியாயமானது. இதற்குப் பதில் தேட வேண்டுமானால் தஞ்சாவூரிலிருந்து வடக்கே முந்நூறு கிலோமீட்டர் தாண்டி, ஸ்ரீபெரும்புதூரை ஒட்டிய பிள்ளைப்பாக்கம் சிப்காட் வரை போக வேண்டும். அமெரிக்காவின் 'பர்ஸ்ட் சோலார்' நிறுவனத்தின் தகடு ஆலை அங்கே இருக்கிறது. 2024 ஜனவரி 11-ம் தேதி அதைத் திறந்து வைத்த விழாவில் அமெரிக்கத் தூதர் எரிக் கார்செட்டியும், தமிழகத் தொழில்துறை அமைச்சர் டி.ஆர்.பி.ராஜாவும் கலந்துகொண்டார்கள். அமைச்சர் மன்னார்குடி தொகுதிக்காரர் என்பது டெல்டா வாசகர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை.

ஆலையின் முதலீடு சுமார் 70 கோடி டாலர். வருடத்துக்கு 3.3 கிகாவாட் அளவுக்குத் தகடு செய்யும் திறன் கொண்டது. கிகாவாட் என்றால் பத்து லட்சம் கிலோவாட். நம் கணக்குக்கு மாற்றிப் பார்த்தால் புரியும். ஒரு 5 எச்.பி. சோலார் பம்புசெட்டுக்கு 4,800 வாட் தகடு வேண்டும். அப்படியானால் இந்த ஒரு ஆலை ஒரு வருடம் முழுத் திறனில் ஓடினால், கிட்டத்தட்ட 7 லட்சம் பம்புசெட்டுக்கான தகடு வெளியே வரும். தமிழ்நாட்டில் இலவச மின்சாரத்தில் ஓடும் விவசாய மோட்டார் மொத்தம் 23 லட்சத்துக்குச் சற்று அதிகம். அத்தனையையும் சோலாருக்கு மாற்றுவதென்றாலும், இந்த ஒற்றை ஆலைக்கு மூன்றரை வருட வேலைதான்.

இது கணக்குக்காகச் சொன்னது. அங்கே செய்கிற தகடு விவசாயியின் பம்புசெட்டுக்கு வருவதில்லை. சுமார் ஏழரை அடி நீளம், நாலடி அகலம் உள்ள கனமான தகடு அது. நூற்றுக்கணக்கான ஏக்கரில் அமையும் பெரிய மின் நிலையங்களுக்கென்றே செய்யப்படுகிறது. ஆனாலும் நம் வயலுக்கு வருகிற தகட்டின் விலை இறங்கியதில் இந்த நிறுவனத்துக்கு ஒரு பங்கு உண்டு.

கண்ணாடிக்காரர் தொடங்கிய கம்பெனி

அமெரிக்காவில் ஓஹியோ மாநிலத்தில் டொலிடோ என்று ஒரு நகரம். கண்ணாடித் தொழிலுக்குப் பேர்போன ஊர். கார்களுக்கான உறுதிக் கண்ணாடி செய்வதில் பெயரெடுத்த ஹரால்ட் மெக்மாஸ்டர் என்பவர், 1990-ல் அங்கே 'சோலார் செல்ஸ்' என்ற நிறுவனத்தைத் தொடங்கினார். கண்ணாடி மேல் பூச்சு பூசுவதுபோல, மின்சாரம் தயாரிக்கும் பொருளை மெல்லிய படலமாகப் பூசிவிட்டால் என்ன என்பது அவருடைய யோசனை. 1999-ல் நிறுவனம் கைமாறி, பர்ஸ்ட் சோலார் என்று பெயர் மாறியது. 2006-ல் அமெரிக்கப் பங்குச் சந்தைக்கு வந்தது.

நாம் சாதாரணமாகப் பார்க்கிற நீலம் அல்லது கறுப்பு நிறத் தகடு சிலிக்கானில் செய்தது. மணலில் கிடைக்கும் படிகக்கல்லை உருக்கி, சுத்தம் செய்து, கட்டியாக வார்த்து, அப்பளம்போல் மெல்லியதாக அறுத்து, அதைச் செல்லாக்கி, பிறகு செல்களைக் கோத்துத் தகடாக்க வேண்டும். ஒவ்வொரு கட்டமும் பெரும்பாலும் ஒவ்வோர் ஆலையில் நடக்கும். அந்தக் காலத்தில் புழுங்கல் அரிசிக்கு வீட்டில் ஊறவைத்து அவித்து, களத்தில் காயவைத்து, வண்டியில் ஏற்றி மில்லுக்குக் கொண்டுபோய் அரைத்த மாதிரி. பர்ஸ்ட் சோலாரின் வழி இன்றைய நவீன அரிசி ஆலை மாதிரி. ஒரு முனையில் வெறும் கண்ணாடி உள்ளே போகிறது. நாலைந்து மணி நேரத்தில் மறுமுனையில் மின்சாரம் தரும் தகடாக வெளியே வருகிறது. பூசப்படும் பொருள் கேட்மியம் டெலுரைடு. தலைமுடியைவிடப் பல மடங்கு மெல்லிய படலம்.

2008 கடைசியில் இந்த நிறுவனம் ஒரு வாட் தகட்டைச் செய்யும் செலவை 98 சென்டுக்கு, அதாவது ஒரு டாலருக்கும் கீழே கொண்டுவந்தது. உலகில் அதைச் செய்த முதல் நிறுவனம் அதுதான். அப்போது சந்தையில் சிலிக்கான் தகடு வாட்டுக்கு 3 டாலருக்கு மேல் விற்றது. அடுத்த வருடமே, ஒரே ஆண்டில் ஒரு கிகாவாட் தகடு செய்த முதல் நிறுவனமும் ஆனது. ஜெர்மனியில் ஆலை, மலேசியாவில் ஆலை என்று வளர்ந்துகொண்டே போனது.

விலை சரிந்த கதை

நல்ல விலை கிடைத்த பயிரை அடுத்த பட்டத்தில் எல்லோரும் போட்டால் என்ன ஆகும் என்பது விவசாயிக்குத் தெரியும். சோலாரிலும் அதுவே நடந்தது. சீனாவில் அரசு ஆதரவோடும் வங்கிக் கடனோடும் சிலிக்கான் ஆலைகள் அடுத்தடுத்து முளைத்தன. 2011, 2012-ல் சரக்கு தேங்கி விலை விழுந்தது. நெல்லுக்காவது நேரடி கொள்முதல் நிலையம் இருக்கிறது. சோலார் தகட்டுக்கு அதுவும் இல்லை. ஒரு காலத்தில் உலகின் முதல் இடத்தில் இருந்த ஜெர்மனியின் 'கியூ-செல்ஸ்' 2012 ஏப்ரலில் திவால் மனு கொடுத்தது. விலையை இறக்கிய சீனக் கம்பெனிகளும் தப்பவில்லை. அவற்றில் மிகப் பெரியதாக இருந்த 'சன்டெக்' 2013-ல் கடனைக் கட்ட முடியாமல் விழுந்தது. பர்ஸ்ட் சோலார் உயிர் தப்பியது. ஆனால் ஜெர்மனி ஆலையை மூடி, உலகம் முழுக்கச் சுமார் 2,000 பேரை வேலையிலிருந்து அனுப்பியது.

இன்று உலகச் சந்தையில் பர்ஸ்ட் சோலார் பெரிய கை அல்ல. 2024-ல் அது விற்றது சுமார் 14 கிகாவாட். அதே வருடம் சீனாவின் 'ஜின்கோ' ஒன்று மட்டும் 90 கிகாவாட்டுக்கு மேல் அனுப்பியது. தகடு செய்வதன் ஒவ்வொரு கட்டத்திலும் உலகத் திறனில் 80 சதவீதத்துக்கு மேல் சீனாவிடம் இருப்பதாகச் சர்வதேச எரிசக்தி முகமை 2022-லேயே கணக்குச் சொன்னது. 3 டாலருக்கு மேல் விற்ற ஒரு வாட், கடந்த சில வருடங்களாக உலகச் சந்தையில் 15 சென்டுக்கும் கீழே கிடைக்கிறது. பேப்பரில் வருகிற செய்தி இந்த விலையைப் பற்றியதுதான்.

இறக்குமதியில் தொடங்கி ஆலையில் முடிந்தது

பர்ஸ்ட் சோலார் இந்தியாவுக்குப் புதிது அல்ல. 2010-ல் தேசிய சூரிய மின்சக்தித் திட்டம் தொடங்கியபோது, உள்நாட்டில் செய்த தகட்டைத்தான் வாங்க வேண்டும் என்று மத்திய அரசு விதி போட்டது. விதி சிலிக்கான் தகட்டுக்கு மட்டும் பொருந்தும். மென்படலத் தகட்டுக்கு இல்லை. அந்தச் சந்து வழியாக, அமெரிக்க ஏற்றுமதி வங்கியின் குறைந்த வட்டிக் கடனோடு பர்ஸ்ட் சோலார் தகடுகள் ஏராளமாக உள்ளே வந்தன. உள்ளூர் ஆலைகள் தவித்தன. மிச்சமிருந்த அந்த விதியும் உலக வர்த்தக அமைப்பின் ஒப்பந்தத்துக்கு மாறானது என்று அமெரிக்கா 2013-ல் வழக்குப் போட்டு, 2016-ல் ஜெயித்தது.

பிறகு இந்தியா வேறு வழி பார்த்தது. 2022 ஏப்ரல் 1 முதல் வெளிநாட்டுத் தகட்டுக்கு 40 சதவீதம், செல்லுக்கு 25 சதவீதம் சுங்க வரி வந்தது. இங்கே ஆலை கட்டுகிறவர்களுக்கு உற்பத்தி ஊக்கத்தொகை அறிவிக்கப்பட்டது. 2023-ல் அந்த ஊக்கத்தொகைக்குத் தேர்வான நிறுவனங்களில் பர்ஸ்ட் சோலாரும் ஒன்று. அமெரிக்க அரசின் வளர்ச்சி நிதி நிறுவனமும் 50 கோடி டாலர் வரை கடன் கொடுக்க முன்வந்தது. வரப்புக்கு வெளியே நின்று விற்றவர், வரப்பை உயர்த்தியதும் உள்ளே வந்து நிலம் வாங்கிக்கொண்டார். குறை சொல்ல இதில் ஒன்றுமில்லை. எந்த வியாபாரியும் அப்படித்தான் செய்வார்.

வேடிக்கை என்னவென்றால், 2025 ஜூலையில் இந்தியாவிலிருந்து போகும் சோலார் தகடுகள் மீது கூடுதல் வரி போட வேண்டும் என்று அமெரிக்காவில் மனு கொடுத்த தயாரிப்பாளர் கூட்டணியில் பர்ஸ்ட் சோலாரும் இருக்கிறது. அந்தந்த நாட்டுக்குள் இருக்கும்போது அந்தந்த நாட்டு வரப்பு உயரமாக இருக்க வேண்டும், அவ்வளவுதான். அங்கே கதவு சாத்தப்பட்டால் ஏற்றுமதிக்குச் செய்த சரக்கு உள்நாட்டுச் சந்தைக்குத் திரும்பும், இங்கே விலை இன்னும் இறங்கும்.

தமிழ்நாட்டில் தகடு செய்கிறவர்கள் வேறு சிலரும் இருக்கிறார்கள். திருநெல்வேலி கங்கைகொண்டானில் டாட்டா பவர் நிறுவனத்தின் 4.3 கிகாவாட் ஆலை செல், தகடு இரண்டையும் செய்கிறது. ஒரகடத்தில் விக்ரம் சோலார் 2021-ல் தகடு ஆலை தொடங்கியது. சிலிக்கான் தகடு என்பதால், நம் பம்புசெட்டுக்கு நெருங்கிய சொந்தம் இவர்கள்தான்.

காவிரித் தண்ணீரில் கழுவும் கண்ணாடி

பிள்ளைப்பாக்கம் ஆலையில் டெல்டா விவசாயி கவனிக்க வேண்டியது அதன் பணக் கணக்கைவிடத் தண்ணீர்க் கணக்கைத்தான். கண்ணாடியைப் பலமுறை கழுவாமல் இந்தத் தகடு செய்ய முடியாது. ஸ்ரீபெரும்புதூர் வட்டாரமோ தண்ணீர்ப் பஞ்சமுள்ள இடம். ஆலை அங்கே போர் போட்டு நிலத்தடி நீரை எடுக்கவில்லை. ஏரித் தண்ணீரும் எடுக்கவில்லை. சென்னை நகரத்தின் கழிவுநீரை மூன்றாம் கட்டம் வரை சுத்திகரித்து, சவ்வூடு வடிகட்டல் செய்த தண்ணீரைக் குழாயில் வாங்கி ஓட்டுகிறது. கழிவுநீர் ஒரு சொட்டுகூட வெளியே விடுவதில்லை என்பது நிறுவனத்தின் அறிவிப்பு. இயற்கை நீர்நிலையிலிருந்து நிகரமாகத் தண்ணீர் எடுக்காத உலகின் முதல் சோலார் ஆலை இதுவாக இருக்கும் என்றும் அந்த நிறுவனம் சொல்கிறது.

சென்னைக்குக் குடிநீர் எங்கிருந்து வருகிறது என்று கேட்டால் இன்னொரு கதை வரும். கல்லணை தாண்டி, கொள்ளிடத்தில் ஓடி, கீழணையில் திரும்பி, வடவாறு வழியாக வீராணம் ஏரியில் நிரம்பும் தண்ணீர் 2004 முதல் குழாயில் சென்னைக்குப் போகிறது. அது வீடுகளில் புழங்கிக் கழிவாகி, சுத்திகரிப்பு நிலையம் போய், மறுபடி தெளிந்துதான் இந்த மாதிரி ஆலைகளுக்கு வருகிறது. ஆக, பிள்ளைப்பாக்கத்தில் கண்ணாடி கழுவும் தண்ணீரில் ஒரு பங்கு காவிரித் தண்ணீர். நம் கடைமடைக்கு வராமல் போன தண்ணீர் அங்கே இரண்டாம் முறை உழைத்துக்கொண்டிருக்கிறது.

நம் பங்கு ஏன் குறையவில்லை?

இப்போது முதல் கேள்விக்கு வருவோம். பிரதமரின் குசும் திட்டத்தில் தனித்து இயங்கும் சோலார் பம்புசெட்டுக்கு மத்திய அரசு 30 சதவீதம், மாநில அரசு 30 சதவீதம் மானியம் தருகின்றன. ஆதிதிராவிடர், பழங்குடியின சிறு, குறு விவசாயிகளுக்குக் கூடுதல் மானியம் உண்டு. மீதி விவசாயியின் பங்கு. இந்த மானியம் வேண்டுமானால் தகடு மட்டுமல்ல, அதற்குள் இருக்கும் செல்லும் இந்தியாவில் செய்ததாக இருக்க வேண்டும்.

இந்தியாவில் செல்லைக் கோத்துத் தகடாக்கும் ஆலைகள் நிறைய வந்துவிட்டன. செல்லையே இங்கு செய்கிறவர்கள் இன்னும் குறைவு. தேவை அதிகம், செய்கிறவர் குறைவு என்றால் விலை நிற்கத்தான் செய்யும். உள்நாட்டுச் செல் உள்ள தகடு, சாதாரணத் தகட்டைவிட ஒன்றரை மடங்குக்கும் மேலான விலையில் விற்றது இதனால்தான். கங்கைகொண்டான் போன்ற செல் ஆலைகள் பெருகப் பெருக இந்த வித்தியாசம் குறையும்.

அடுத்தது, பம்புசெட்டின் மொத்த விலையில் தகடு ஒரு பங்குதான். மோட்டார், கட்டுப்பாட்டுப் பெட்டி, இரும்புச் சட்டம், கான்கிரீட் அடித்தளம், குழாய், கேபிள், ஐந்து வருடப் பராமரிப்பு, காப்பீடு எல்லாம் சேர்ந்துதான் அந்த விலை. இரும்பும் தாமிரமும் விலை இறங்கவில்லை. 2025 செப்டம்பர் 22 முதல் சோலார் சாதனங்களுக்கு ஜி.எஸ்.டி. 12-லிருந்து 5 சதவீதமானது நல்ல விஷயம். போர் போடும் செலவு இந்தக் கணக்கில் எப்போதும் சேராது. அது விவசாயி தலையில்தான்.

குறைந்தது விலை மட்டுமல்ல, இடமும் குறைந்திருக்கிறது. சில வருடங்களுக்கு முன் 320 வாட் தகடுகள் 15 வைத்துத்தான் 5 எச்.பி. ஓட்ட வேண்டும். இப்போது 540 வாட் தகடு 9 போதும். வரப்போரம் ஒரு மூலையில் அடங்கிவிடும்.

யாருக்கு இது லாபம்? இலவச மின் இணைப்பு உள்ளவருக்கு இதனால் காசு மிச்சமில்லை. டீசல் இன்ஜினில் இறைக்கிறவருக்கும், மின் இணைப்புக்கு மனு போட்டு வருடக்கணக்கில் காத்திருப்பவருக்கும் லாபம். 5 எச்.பி. இன்ஜின் மணிக்கு ஏறத்தாழ ஒரு லிட்டர் டீசல் குடிக்கிறது. உளுந்துக்கு இரண்டு தண்ணீர் விட வேண்டிய நேரத்தில் டீசல் செலவுக்குப் பயந்து ஒரு தண்ணீரோடு விட்டு, காய் சுருங்கிப்போன வயல்கள் டெல்டாவில் நிறைய உண்டு.

5 எச்.பி. எத்தனை ஏக்கர்?

பேனல் விற்க வருகிறவர் இந்தக் கணக்கைச் சொல்ல மாட்டார். நல்ல வெயில் நாளில் 50 மீட்டர் உயரத்துக்கு ஏற்றும் கணக்கில், 5 எச்.பி. சோலார் நீர்மூழ்கி மோட்டார் சுமார் 90 ஆயிரம் லிட்டர் தண்ணீர் கொடுக்கும். ஒரு ஏக்கரில் ஒரு சென்டிமீட்டர் தண்ணீர் நிற்க 40 ஆயிரம் லிட்டர் வேண்டும்.

நெல்லுக்குச் சேற்றுழவு செய்ய ஏக்கருக்கு 20 சென்டிமீட்டர் என்று வைத்தால் 8 லட்சம் லிட்டர். ஒரே ஒரு ஏக்கரை நனைத்துச் சேறாக்க ஒன்பது நாள் மோட்டார் ஓட வேண்டும். நட்ட பிறகு, கோடையில் பயிர் குடிப்பதும் ஆவியாவதும் கீழே இறங்குவதும் சேர்த்து நாளைக்கு ஒரு சென்டிமீட்டர் என்றால், இரண்டு ஏக்கர் சொச்சத்துக்குத்தான் தாங்கும். அதே தண்ணீரில் உளுந்து, பயறு என்றால் நாலைந்து ஏக்கர் ஓடும். தெளிப்பு நீர்க் குழாய் போட்டால் இன்னும் கூடும். பழைய டெல்டாவில் மேல்மட்ட மணலில் போட்ட பில்டர் பாயிண்டாக இருந்து, தண்ணீர் இருபது முப்பது அடியில் கிடைத்தால் இந்த அளவைவிட நிறையவே கிடைக்கும். நீர்மட்டம் அதே இடத்தில் நிற்கும் வரை.

டெல்டாவின் சிக்கலே அதுதான். மேட்டூர் அணை ஜூன் 12-ல் திறந்து ஜனவரி 28-ல் மூடுவது வழக்கம். வெயில் கொளுத்துகிற பிப்ரவரி முதல் மே வரை ஆற்றில் தண்ணீர் இல்லை. சோலார் அதிகமாக உழைக்கும் மாதங்களும் அவைதான். வடகிழக்குப் பருவமழையில் மேகம் மூடி மோட்டார் மந்தமாகும்போது நமக்கு இறைக்கத் தேவையில்லை, வடிக்கத்தான் தேவை. இந்தப் பொருத்தம் பார்க்க அழகாக இருக்கிறது. ஆனால் கோடையில் எடுக்கிற ஒவ்வொரு லிட்டரும் ஆறு ஊறவைக்காத காலத்தில் எடுக்கிற லிட்டர். டீசல் இன்ஜினை நிறுத்தச் சொல்வது செலவு. இலவச மின்சாரத்தைக்கூடக் கரண்ட் போகும் நேரம் நிறுத்திவிடும். சோலாருக்கு இரண்டுமே இல்லை. காலை எட்டு மணிக்கு ஓடத் தொடங்கினால் சாயங்காலம் வரை தானாக ஓடும். வரப்பு உடைந்து வாய்க்காலில் போனாலும் யாருக்கும் காசு நஷ்டமில்லை என்று தோன்றும்.

தஞ்சாவூர் மாவட்டத்தில் பல பிர்காக்கள் ஏற்கெனவே ஊறும் தண்ணீரைவிட அதிகமாக எடுக்கிற பட்டியலில் இருக்கின்றன. வேதாரண்யம், நாகப்பட்டினம் கடலோரத்தில் இனிப்புத் தண்ணீர் கீழே போனால் உப்புத் தண்ணீர் உள்ளே வரும். வந்தால் சுலபத்தில் திரும்பாது. அதனால்தான் நிலத்தடி நீர் அபாயப் பகுதிகளில் புதிய சோலார் பம்புசெட்டுக்கு குசும் திட்டம் இடம் தருவதில்லை. ஏற்கெனவே உள்ள டீசல் இன்ஜினை மாற்றலாம், அதுவும் நுண்ணீர்ப் பாசனத்தோடு. "எங்க ஊருக்கு மட்டும் ஏன் இல்லைங்கறீங்க?" என்று சண்டைக்கு வருகிறவர்கள் உண்டு. விதி கடுமையாகத் தெரியலாம், ஆனால் சரியான விதி. இன்னும் கண்டிப்பாக நடைமுறைப்படுத்தினால்கூடத் தப்பில்லை.

குறுவைக்கு போர்வெல்லை நம்பி நாற்று விடுகிறவர்கள் காய்ச்சலும் பாய்ச்சலுமாகத் தண்ணீர் கட்டினால் சோலார் தண்ணீர் கூடுதல் ஏக்கருக்கு வரும். துளை போட்ட ஒரு பி.வி.சி. குழாயை வயலில் புதைத்து, உள்ளே தண்ணீர் மண்ணுக்குக் கீழே 15 சென்டிமீட்டர் இறங்கிய பிறகு பாய்ச்சினால் போதும். பூக்கும் சமயம் மட்டும் தண்ணீர் நிற்க வேண்டும். கோடை நெல்லுக்காகவே சோலார் போர் போட நினைக்கிறவர்கள் மேலே சொன்ன இரண்டு ஏக்கர் கணக்கை ஒருமுறை பேப்பரில் போட்டுப் பார்ப்பது நல்லது.

இருபத்தைந்து வருட வாரன்டி

தகட்டுக்கு 25 வருட உத்தரவாதம் என்பார்கள். பத்து வருடத்தில் 90 சதவீதம், இருபத்தைந்து வருடத்தில் 80 சதவீதம் திறன் குறையாது என்பது அதன் பொருள். தகடு அவ்வளவு காலம் உழைக்கும் என்பதில் சந்தேகம் இல்லை. கம்பெனி அவ்வளவு காலம் இருக்குமா என்பதுதான் கேள்வி. கியூ-செல்ஸ், சன்டெக் கதையை மேலே பார்த்தோம். உலகத்தில் முதல் இடத்தில் இருந்தவர்களே அந்தப் பாடு பட்டார்கள் என்றால், நேற்று முளைத்த பெயர் எழுதிக் கொடுக்கிற வாரன்டி அட்டைக்கு என்ன மதிப்பு? அரசுத் திட்டத்தில் வாங்கினால், தகட்டைச் செய்தவர் யார், பம்பைப் பொருத்தி ஐந்து வருடம் பராமரிக்கிறவர் யார், பக்கத்து ஊரில் அவருக்குப் பணிமனை இருக்கிறதா என்று மூன்றையும் எழுத்தில் வாங்கிக்கொள்ள வேண்டும். தகட்டின் பின்புறம் வரிசை எண் ஒட்டியிருக்கும். அதைப் போனில் படம் எடுத்து வைக்கலாம். காப்பீட்டுக்கும் அது வேண்டும்.

முதலில் பழுதாவது பெரும்பாலும் தகடு அல்ல, கட்டுப்பாட்டுப் பெட்டிதான். இடி மின்னலுக்கு எர்த்திங் சரியாக இருக்க வேண்டும். 2018 நவம்பர் கஜா புயலை மறக்காதவர்கள் இரும்புச் சட்டத்தின் அடித்தளத்தை நின்று பார்த்துக் கட்டிக்கொள்வது நல்லது. பட்டுக்கோட்டை, பேராவூரணி பக்கம் தென்னை நிழலும் ஒரு தொந்தரவு. ஒரு மட்டை நிழல் ஒரு தகட்டில் விழுந்தாலே, வரிசையாக இணைத்த மற்றத் தகடுகளின் மின்சாரமும் குறையும். சம்பா அறுவடையில் இயந்திரம் கிளப்பும் வைக்கோல் தூசு தகட்டில் படிந்தால், அதிகாலையில் நல்ல தண்ணீரில் கழுவ வேண்டும். கொதிக்கிற மத்தியானத்தில் குளிர்ந்த தண்ணீரை ஊற்றினால் கண்ணாடி விரியலாம்.

வயல் மண்ணுக்கு ஆபத்தா?

பர்ஸ்ட் சோலார் தகட்டில் கேட்மியம் இருக்கிறது என்றதும் நெல் விவசாயிக்கு ஒரு பயம் வரும். பயம் வீண் இல்லை. நெல் மண்ணிலிருந்து கேட்மியத்தை எளிதாக உறிஞ்சும் பயிர். ஜப்பானில் ஜின்சு ஆற்றுப் பாசனத்தில் சுரங்கக் கழிவின் கேட்மியம் கலந்து, அந்த அரிசியைச் சாப்பிட்டவர்களுக்கு எலும்பு நொறுங்கும் 'இடாய் இடாய்' நோய் வந்தது வரலாறு. ஆனால் தகட்டில் இருப்பது டெலூரியத்தோடு இறுகிச் சேர்ந்த கேட்மியம். தண்ணீரில் கரையாத அளவு உறுதியானது, இரண்டு கண்ணாடிக்கு நடுவில் அடைத்தது. பழைய தகட்டைத் திரும்ப வாங்கி அதில் உள்ள பொருளை 90 சதவீதத்துக்கு மேல் மீட்கும் முறையும் அந்த நிறுவனத்திடம் இருக்கிறது. நம் பம்புசெட்டில் வருவது சிலிக்கான் தகடு. அதில் கேட்மியம் கிடையாது, ஆனால் பற்றவைத்த இணைப்புகளில் ஈயம் இருக்கலாம்.

எந்தத் தகடாக இருந்தாலும் உடைந்ததை வாய்க்காலிலோ வரப்பிலோ போடக்கூடாது, காயலான் கடைக்கும் போடக்கூடாது. 2022-ம் ஆண்டின் மின்னணுக் கழிவு விதிகளில் சோலார் தகடும் சேர்ந்துவிட்டது. பொருத்திய நிறுவனத்துக்கு எழுதிக் கொடுத்து எடுத்துப் போகச் சொல்லலாம்.

சோலார் பம்புசெட்டுக்கு விண்ணப்பிக்க, தஞ்சாவூர், கும்பகோணம், பட்டுக்கோட்டையில் உள்ள வேளாண் பொறியியல் துறை உதவி செயற்பொறியாளர் அலுவலகங்களை அணுகலாம். ஆதார், சிட்டா, நில வரைபடம், வங்கிக் கணக்குப் புத்தக நகல், புகைப்படம், சிறு, குறு விவசாயி சான்று, தேவைப்படுகிறவர்கள் சாதிச் சான்று கொண்டுபோக வேண்டும். மின் இணைப்புக்கு ஏற்கெனவே மனு போட்டிருந்தால் அந்தப் பதிவு எண்ணையும் எடுத்துப் போய், சோலார் வாங்கினால் வரிசை என்ன ஆகும் என்று அங்கேயே கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும். தங்கள் பிர்கா எந்தப் பட்டியலில் இருக்கிறது என்பதைப் போர் போடுவதற்கு முன் கேட்க வேண்டும். பணம் கட்டிப் போர் போட்டு முடித்துவிட்டு வந்து கேட்கிறவர்களுக்கு அலுவலகத்தில் சொல்ல நல்ல பதில் எதுவும் இருக்காது.